எட்ஜ்வாட்டர் அலுவலகக் கொலைகளும் அதன் வழக்கும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

2000 டிசம்பர் 26 அன்று அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில், வேக்ஃபீல்ட் என்ற ஊரில், எட்ஜ்வாட்டர் டெக்னாலஜி என்ற கணினி ஆலோசனை நிறுவனத்தின் அலுவலகத்தில் ஏழு பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். சுட்டவர் அங்கேயே வேலை பார்த்த மைக்கேல் மெக்டெர்மாட். பல வருஷம் ஆன பிறகும் இந்த வழக்கைப் பற்றிப் பேச்சு வந்தால் முதலில் வருவது "ஹிட்லரைக் கொல்லப் போனேன்னு சொன்னாரே, அவர்தானே?" என்பதுதான். அந்த ஒரு வரிக்குப் பின்னால் இருக்கும் மற்ற எல்லாமே காணாமல் போய்விட்டது என்ற வருத்தத்தில்தான் இதை எழுதுகிறேன்.

அன்றைக்கு என்ன நடந்தது?

கிறிஸ்துமஸுக்கு மறுநாள், செவ்வாய்க்கிழமை. பலர் விடுமுறையில் இருந்ததால் அலுவலகத்தில் வழக்கமான கூட்டம் இல்லை. காலை 11 மணி தாண்டிக் கொஞ்ச நேரத்தில் மெக்டெர்மாட் துப்பாக்கிகளுடன் வரவேற்புப் பகுதிக்கு வந்தார். ஏகே-47 ரகத்து அரைத் தானியங்கித் துப்பாக்கி ஒன்று, 12 கேஜ் ஷாட்கன் ஒன்று, இவை போக ஒரு கைத்துப்பாக்கியும் அவரிடம் இருந்தது. வரவேற்புப் பகுதியில் இருந்தவர்களைச் சுட்டார், அப்புறம் மனிதவளப் பிரிவுக்குப் போனார், அங்கிருந்து கணக்குப் பிரிவுக்கு. கணக்குப் பிரிவில் இருந்தவர்கள் சத்தம் கேட்டுக் கதவைச் சாத்தி நாற்காலியை முட்டுக்கொடுத்து வைத்திருந்தார்கள். அந்தக் கதவை ஷாட்கன்னால் சுட்டு உடைத்துக்கொண்டு உள்ளே போனார். அங்கே இரண்டு பேர் இறந்தார்கள், மேசைக்கு அடியில் ஒளிந்திருந்த ஒருவர் மட்டும் அவர் கண்ணில் படாமல் தப்பினார்.

போலீஸ் வந்தபோது அவர் வரவேற்புப் பகுதியில் உட்கார்ந்திருந்தார். துப்பாக்கிகள் கை எட்டும் தூரத்தில் இருந்தன. எதிர்க்கவில்லை, ஓடவும் இல்லை. எல்லாம் சில நிமிஷங்களில் முடிந்துவிட்டது.

இறந்தவர்கள் யார்?

நான்கு பெண்கள், மூன்று ஆண்கள். வயது 29 முதல் 58 வரை. சம்பளம், கணக்கு, மனிதவளம் போன்ற வேலைகளைச் செய்தவர்களும் அவர்களோடு இருந்தவர்களும். அவர்கள் யாரும் பொது வாழ்க்கையில் இருந்தவர்கள் இல்லை, குடும்பங்கள் இன்றைக்கும் இருக்கின்றன, அதனால் பெயர்களை இங்கே போடவில்லை. ஆனால் ஒன்றை மனதில் வைத்துக்கொண்டு மீதியைப் படியுங்கள்: விடுமுறைக்கு நடுவில் ஒரு நாள் வேலைக்கு வந்த சாதாரண ஊழியர்கள் அவர்கள். கொன்றவரோடு தீராத பகை எதுவும் அவர்களுக்கு இருந்ததாக விசாரணையில் யாரும் சொல்லவில்லை.

மெக்டெர்மாட் யார்?

அப்போது வயது 42, ஹேவர்ஹில் என்ற ஊரில் குடியிருந்தார். அமெரிக்கக் கடற்படையில் நீர்மூழ்கிக் கப்பலில் இருந்தவர். பிறகு மெய்ன் மாநிலத்து அணுமின் நிலையம் ஒன்றில் வேலை, அப்புறம் ஒரு பேட்டரி நிறுவனம், கடைசியாக 2000-ம் வருஷம் எட்ஜ்வாட்டரில் மென்பொருள் உதவிப் பிரிவு. மனச்சோர்வுக்காகப் பல வருஷங்கள் சிகிச்சை எடுத்தவர், தற்கொலைக்கு முயன்றவர் என்பதும் வழக்கில் வந்தது.

எதற்காகச் செய்தார்?

அரசுத் தரப்பு சொன்ன காரணம்: வரி பாக்கி. மெக்டெர்மாட் மத்திய வருமான வரித் துறைக்குக் கட்ட வேண்டிய பணம் பாக்கி இருந்தது. அதை அவர் சம்பளத்திலிருந்தே பிடித்து அனுப்பும்படி அந்தத் துறை நிறுவனத்துக்கு உத்தரவு அனுப்பியிருந்தது. பிடித்தம் விடுமுறைக் காலம் முடிந்ததும் தொடங்குவதாக இருந்தது. அவர் போன இடங்களைப் பார்த்தால், பிடித்தத்தோடு சம்பந்தப்பட்ட இரண்டு பிரிவுகள் அவை. வழியில் எதிர்ப்பட்ட மற்ற சிலரை அவர் ஒன்றும் செய்யவில்லை என்பதையும் அரசுத் தரப்பு ஜூரிக்கு (குற்றவாளியா இல்லையா என்று முடிவு சொல்லும் பொதுமக்கள் குழு) எடுத்துச் சொன்னது.

நிறுவனம் அந்தப் பிடித்தத்தை மறுத்திருக்கலாமே?

இந்தக் கேள்வியை அடிக்கடி பார்க்கிறேன், கேட்கும்போதெல்லாம் கஷ்டமாக இருக்கிறது. ஏனென்றால் இதில் இறந்தவர்கள் மேல் ஒரு சின்னப் பழி ஒட்டிக்கொண்டிருக்கிறது. மறுக்க முடியாது. அமெரிக்காவில் வரித் துறையின் சம்பளப் பிடித்த உத்தரவு வந்தால் முதலாளி அதைச் செய்தே ஆக வேண்டும், செய்யாவிட்டால் அந்தத் தொகைக்கு நிறுவனமே பொறுப்பாகிவிடும். வாழ்க்கைச் செலவுக்கென்று சட்டம் விட்டுவைக்கும் ஒரு பகுதி போக மீதி, பாக்கி தீரும்வரை ஒவ்வொரு சம்பளத்திலும் போய்க்கொண்டே இருக்கும். நிறுவனத்தால் முடிந்தது தொடங்கும் தேதியைக் கொஞ்சம் தள்ளிப்போடுவது மட்டும்தான், அதைச் செய்யவும் செய்தார்கள். கிறிஸ்துமஸ் முடியட்டும் என்று விட்டிருந்தார்கள். கணக்குப் பிரிவில் இருப்பவர் கையில் வருவது ஒரு படிவம், அதை எழுதியவர் அவர் இல்லை, கிழித்துப் போடும் உரிமையும் அவருக்கு இல்லை.

சுட்டது யார் என்பதில் சந்தேகமே இல்லையே, அப்புறம் விசாரணை எதற்கு?

உண்மைதான், யார் சுட்டது என்று யாரும் வாதாடவில்லை. அவருடைய வழக்கறிஞரே அதை மறுக்கவில்லை. கேம்பிரிட்ஜ் நகரத்து நீதிமன்றத்தில் 2002 ஏப்ரலில் நடந்த விசாரணை முழுவதும் ஒரே கேள்வியைச் சுற்றித்தான்: அந்த நேரத்தில் அவருடைய மனநிலை, சட்டம் அவரைக் குற்றத்துக்குப் பொறுப்பாக்கும் அளவுக்கு இருந்ததா?

அந்த ஹிட்லர் கதை என்ன?

மெக்டெர்மாட் தானே கூண்டில் ஏறிச் சாட்சி சொன்னார். தான் ஆன்மா இல்லாமல் பிறந்தவன் என்றார். தலைமைத் தேவதூதர் புனித மைக்கேல் தனக்குத் தோன்றி, காலத்தில் பின்னோக்கிப் போய் ஹிட்லரையும் நாஜித் தளபதிகளையும் கொன்று யூதப் படுகொலையைத் தடுத்தால் ஆன்மா கிடைக்கும் என்று சொன்னதாகச் சொன்னார். அலுவலகத்தில் தான் சுட்டது சக ஊழியர்களை என்று தனக்குத் தெரியாது, நாஜிகளைத்தான் பார்த்தேன் என்பது அவர் வாதம். அவர் தரப்பு மனநல நிபுணர்கள் இதை மனச்சிதைவு நோயோடு பொருத்திப் பேசினார்கள்.

செய்தித்தாள்களுக்கு இது தலைப்பாகிவிட்டது. அந்தக் குடும்பங்கள் நீதிமன்றத்தில் உட்கார்ந்து, தங்கள் வீட்டுப் பெண்ணையும் பிள்ளையையும் ஒருவர் நாஜி என்று சொல்வதைக் கேட்க வேண்டியிருந்தது. அதை யாரும் தலைப்பாகப் போட்டு நான் பார்த்ததில்லை.

"மனநோய் இருந்தால் தப்பித்துவிடலாம்" என்பதுதான் சட்டமா?

இல்லவே இல்லை. இதுதான் இந்த வழக்கின் நடு முடிச்சு, கொஞ்சம் பொறுமையாகப் பார்க்கலாம்.

1843-ல் லண்டனில் டேனியல் மெக்நாட்டன் என்பவர் பிரதமர் ராபர்ட் பீலைக் கொல்வதாக நினைத்து அவருடைய செயலாளரைச் சுட்டுக் கொன்றார். சித்தசுவாதீனம் இல்லாதவர் என்று அவரை விடுவித்தார்கள் (விடுவித்தார்கள் என்றாலும் சாகும்வரை மனநலக் காப்பகங்களில்தான் இருந்தார்). அதனால் எழுந்த கூச்சலில் நீதிபதிகள் வகுத்த விதிதான் ஆங்கிலச் சட்டம் பரவிய நாடுகளிலெல்லாம் இன்றுவரை நிழலாடுகிறது: செய்வது என்னவென்றே தெரியவில்லையா, அல்லது அது தப்பு என்று தெரியவில்லையா?

மாசசூசெட்ஸ் 1967-ல் இதைக் கொஞ்சம் விரித்தது. மனநோய் அல்லது மனக் குறைபாட்டின் காரணமாக, செய்வது தவறு என்று உணரும் திறனோ, சட்டத்துக்குட்பட்டு நடந்துகொள்ளும்படி தன்னைக் கட்டுப்படுத்தும் திறனோ கணிசமான அளவுக்கு இல்லாமல் போயிருந்தால் அவர் குற்றப் பொறுப்பு இல்லாதவர். இரண்டில் ஒன்று போதும். ஆனால் வெறுமனே நோய் இருப்பது போதாது. நோய் அந்தத் திறனைப் பறித்திருக்க வேண்டும், அதுவும் அந்தச் செயலைச் செய்த நேரத்தில்.

நிரூபிக்க வேண்டியது யார்?

பலருக்கு இது ஆச்சரியமாக இருக்கும். மாசசூசெட்ஸில் இந்தக் கேள்வி எழுந்துவிட்டால், அவருக்குப் பொறுப்பு இருந்தது என்று நியாயமான சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டியது அரசுத் தரப்பு. அதிபர் ரீகனைச் சுட்ட ஜான் ஹின்க்லி 1982-ல் சித்தசுவாதீனம் இல்லை என்று விடுவிக்கப்பட்ட பிறகு நாடே கொதித்தது. 1984-ல் மத்தியச் சட்டம் மாறி, சுமை குற்றம் சாட்டப்பட்டவர் தலையில் ஏறியது, பல மாநிலங்களும் அப்படியே போயின. மாசசூசெட்ஸ் அப்படி மாறவில்லை. அது சரி என்றே நினைக்கிறேன். ஒருவரைச் சாகும்வரை சிறையில் வைக்கப் போகிறோம் என்றால், அவர் தெரிந்து செய்தார் என்பதையும் சேர்த்துத்தான் அரசு நிரூபிக்க வேண்டும். இந்த வழக்கில் அந்தச் சுமையோடுதான் அரசுத் தரப்பு ஜெயித்தது என்பதால் தீர்ப்பின் கனம் கூடுகிறதே தவிரக் குறையவில்லை.

சரி, அரசுத் தரப்பு எப்படி நிரூபித்தது?

மண்டைக்குள் என்ன ஓடியது என்பதைக் காட்ட எந்தக் கருவியும் கிடையாது. அதனால் கைகள் என்ன செய்தன என்று காட்டினார்கள். சம்பவத்துக்கு முந்தைய நாட்களில் துப்பாக்கியைச் சுட்டுச் சோதித்துப் பார்த்திருந்தார். கிறிஸ்துமஸ் அன்று, ஆள் நடமாட்டம் இல்லாத நேரத்தில், ஆயுதங்களை அலுவலகத்துக்குள் கொண்டுவந்து வைத்திருந்தார். மறுநாள் காலை வந்து மற்றவர்களோடு சாதாரணமாக இருந்துவிட்டு அப்புறம்தான் எடுத்தார். போனது சம்பளப் பிடித்தத்தோடு சம்பந்தப்பட்ட அறைகளுக்கு. பூட்டிய கதவை உடைத்துப் போனார், வேறு ஆட்களைத் தாண்டிப் போனார்.

இதற்கெல்லாம் மேல், மனநோய் இருப்பதுபோல் நடிப்பது எப்படி என்று அவர் தேடிப் படித்ததற்கான தடயங்கள் அவருடைய கணினியில் கிடைத்தன என்று அரசுத் தரப்பு காட்டியது. ஜூரியில் இருந்த ஒருவர் மற்ற எல்லாவற்றையும் சந்தேகப்பட்டிருந்தாலும் இந்த இடத்தில் நின்றிருப்பார் என்று நினைக்கிறேன்.

2002 ஏப்ரல் 24 அன்று ஏழு கொலைகளுக்கும் முதல் நிலைக் கொலைக் (கொலைக் குற்றங்களிலேயே மிகக் கடுமையான வகை) குற்றவாளி என்று தீர்ப்பு வந்தது. ஒன்றன்பின் ஒன்றாக ஏழு ஆயுள் தண்டனை, பரோல் கிடையாது.

அப்படியென்றால் அவருக்கு நோயே இல்லை, எல்லாம் நடிப்பு என்று தீர்ப்பு சொல்கிறதா?

அப்படிச் சொல்லவில்லை, ஜூரி அதைச் சொல்ல வேண்டிய அவசியமும் இல்லை. மனச்சோர்வு இருந்தது என்பது பழைய மருத்துவ வரலாற்றிலேயே இருக்கிறது. ஒருவருக்கு உண்மையாகவே நோய் இருக்கலாம், அதே ஆள் ஒரு கதையைத் தயார் செய்தும் இருக்கலாம், இரண்டும் ஒரே உடம்பில் இருக்க முடியும். ஜூரி பதில் சொன்னது இவ்வளவுதான்: அந்த நாளில், அந்தச் செயலைச் செய்யும்போது, தப்பு என்று உணரவும் தன்னைக் கட்டுப்படுத்தவும் தேவையான திறன் அவரிடம் இருந்தது. அதைத் தாண்டி அவர் யார், எப்படி அப்படி ஆனார் என்பதெல்லாம் குற்றவியல் நீதிமன்றத்தின் கேள்வியே இல்லை. இழந்தவர்கள் கேட்கும் "ஏன்" என்ற கேள்விக்கு அந்தக் கூடத்தில் முழுப் பதில் கிடைக்காது. விசாரணை அதற்காக அமைக்கப்பட்டதும் இல்லை.

ஜூரி அவர் சொன்னதை ஏற்றிருந்தால் வீட்டுக்குப் போயிருப்பாரா?

போயிருக்க மாட்டார். மாசசூசெட்ஸில் சித்தசுவாதீனமின்மையால் விடுவிக்கப்பட்டவரை நீதிமன்றம் மனநல மருத்துவமனையில் வைத்துப் பரிசோதிக்க உத்தரவிடலாம். ஆபத்தானவர் என்று தெரிந்தால் காவலில் வைக்கலாம், முதலில் ஆறு மாதம், பிறகு வருஷத்துக்கு ஒருமுறை மறுபரிசீலனை. அப்படியே எத்தனை வருஷமும் போகலாம். பல மாநிலங்களில் ஜூரியிடம் இதைச் சொல்லவே மாட்டார்கள். மாசசூசெட்ஸில் 1975-ல் வந்த ஒரு தீர்ப்புக்குப் பிறகு, குற்றம் சாட்டப்பட்டவர் கேட்டால் நீதிபதி இதை ஜூரிக்கு விளக்க வேண்டும். "விட்டால் தெருவில் நடப்பார்" என்ற பயத்தில் ஜூரி முடிவெடுக்கக் கூடாது என்பதற்காக.

இந்த வாதம் அடிக்கடி ஜெயிக்கிறதா?

சினிமா பார்த்துவிட்டுத்தான் அப்படித் தோன்றுகிறது. எட்டு மாநிலங்களில் நடந்த, 1991-ல் வெளிவந்த பெரிய ஆய்வின்படி, கடுங்குற்ற வழக்குகளில் இந்த வாதத்தை எடுப்பவர்களே நூற்றுக்கு ஒருவருக்கும் குறைவு. அதிலும் ஏறக்குறைய நான்கில் ஒன்றுதான் ஏற்கப்பட்டது.

ஏன் மரண தண்டனை இல்லை?

மாசசூசெட்ஸில் அது கிடையாது. கடைசியாகத் தூக்குமேடையோ மின்நாற்காலியோ பயன்பட்டது 1947-ல், மாநில உச்ச நீதிமன்றம் 1984-ல் அதற்கான சட்டத்தையே செல்லாததாக்கிவிட்டது. முதல் நிலைக் கொலைக்கு, குற்றத்தின்போது 21 வயது நிரம்பியிருந்தவருக்குப் பரோல் இல்லாத ஆயுள் தண்டனை கட்டாயம், நீதிபதிக்குக் குறைக்கும் உரிமை இல்லை.

மேல்முறையீடு செய்தாரா?

செய்தார். மாசசூசெட்ஸில் முதல் நிலைக் கொலைத் தீர்ப்பு நேராக மாநில உச்ச நீதிமன்றத்துக்குப் போகும், அந்த நீதிமன்றம் வழக்கறிஞர் சுட்டிக்காட்டும் குறைகளோடு நிற்காமல் வழக்கு முழுவதையும் பார்க்க வேண்டும் என்பது சட்டம். வீட்டையும் கணினிகளையும் போலீஸ் சோதித்த விதம் சரியில்லை என்பது அவர் தரப்பு வாதங்களில் ஒன்று. 2007-ல் நீதிமன்றம் தண்டனையை உறுதி செய்தது.

இதே மாதிரி வேறு வழக்கு உண்டா?

நெருங்கிய ஒன்று உண்டு. 1999 நவம்பர் 2 அன்று ஹவாய் மாநிலத்தின் ஹொனலுலுவில் ஜெராக்ஸ் நிறுவனத்தில் பதினைந்து வருஷம் வேலை பார்த்த பைரன் உயேசுகி என்ற தொழில்நுட்ப ஊழியர் ஏழு சக ஊழியர்களைச் சுட்டுக் கொன்றார். அவர் பழுது பார்த்துப் பழகிய பழைய ரக நகல் இயந்திரங்களுக்குப் பதில் புதியவை வந்துகொண்டிருந்தன, அதற்கான பயிற்சியை அவர் தட்டிக்கழித்துக்கொண்டே வந்தார், இனித் தள்ள முடியாது என்று முந்தைய நாள் சொல்லியிருந்தார்கள். கொன்றபின் நிறுவனத்தின் வேனிலேயே மலைப்பக்கம் ஓட்டிப்போய், பல மணி நேரம் போலீஸோடு பேச்சு நடந்து, கடைசியில் சரணடைந்தார். ஆறு வருஷம் முன்னாலேயே, 1993-ல், கோபத்தில் லிஃப்ட் கதவை உதைத்துக் கைதாகியிருந்தார்.

அங்கேயும் சித்தசுவாதீனமின்மைதான் வாதம். சக ஊழியர்கள் தனக்கு எதிராகச் சதி செய்கிறார்கள் என்ற பிரமை அவருக்கு வெகுநாளாக இருந்தது. ஹவாயில் நிரூபிக்கும் சுமை குற்றம் சாட்டப்பட்டவருக்கு. 2000 ஜூனில் ஜூரி அவரைக் குற்றவாளி என்றது. ஹவாயிலும் மரண தண்டனை இல்லை (1957-லேயே எடுத்துவிட்டார்கள்), பரோல் இல்லாத ஆயுள்தான். மாநில உச்ச நீதிமன்றம் 2002-ல் அதை உறுதி செய்தது. சுமை யார் தலையில் என்ற விதி இரண்டு இடத்திலும் தலைகீழ், முடிவு ஒன்றே.

அலுவலகத் துப்பாக்கிச் சூடுகளில் இப்படி விசாரணை வரை போவது ஏன் அபூர்வம்?

சுட்டவர் பெரும்பாலும் அங்கேயே இறந்துவிடுகிறார். 1986-ல் ஓக்லஹோமாவின் எட்மண்ட் தபால் நிலையத்தில் 14 பேரைக் கொன்ற ஊழியர் தன்னையே சுட்டுக்கொண்டார், 2021-ல் கலிஃபோர்னியாவின் சான் ஹோசே ரயில் பணிமனையில் ஒன்பது பேரைக் கொன்றவரும் அப்படியே. அப்போது சாட்சிகள், தடயங்கள், நிபுணர்கள் எல்லாவற்றையும் ஒரே இடத்தில் வைத்து இரண்டு பக்கமும் கேள்வி கேட்டுப் பார்க்கும் வாய்ப்பு போய்விடுகிறது. எட்ஜ்வாட்டர் வழக்கை நான் விடாமல் பேசுவதற்கு இதுவும் காரணம்.

வேலையிடக் கொலை என்றாலே சக ஊழியர் செய்வதுதானா?

இல்லை. அமெரிக்கத் தொழிலாளர் புள்ளியியல் துறையின் கணக்கில் வேலையிடக் கொலைகள் 1994-ல் 1,080 வரை போயின, பின்னாளில் ஏறக்குறைய பாதியாகக் குறைந்தன. அதில் பெரும்பங்கு கடைகளிலும் டாக்ஸிகளிலும் கொள்ளையடிக்க வந்தவர்கள் செய்தது. இரவு நேரத்தில் தனியாகக் கல்லாவில் இருப்பவருக்குத்தான் ஆபத்து அதிகம், அவர்களைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

இந்த மாதிரி சம்பவங்களால் சட்டம் ஏதாவது மாறியதா?

எட்ஜ்வாட்டரால் பெரிதாக எதுவும் மாறியதாகச் சொல்ல முடியாது. கலிஃபோர்னியாவில் மாறியிருக்கிறது. 1988 பிப்ரவரி 16 அன்று சன்னிவேலில் ஈஎஸ்எல் நிறுவனத்தில் ரிச்சர்ட் ஃபார்லி என்ற முன்னாள் ஊழியர் ஏழு பேரைக் கொன்றார். அங்கே வேலை பார்த்த ஒரு பெண்ணைப் பல வருஷம் விடாமல் பின்தொடர்ந்து தொல்லை கொடுத்ததற்காக வேலையிலிருந்து நீக்கப்பட்டவர் அவர். அந்தப் பெண் படுகாயத்தோடு பிழைத்தார். அதற்கு அடுத்த வருஷம் பின்தொடர்ந்து வந்த ஒருவரால் நடிகை ஒருவரும் கொல்லப்பட, 1990-ல் கலிஃபோர்னியா பின்தொடர்ந்து தொல்லை செய்வதைத் தனிக் குற்றமாக்கியது, அமெரிக்காவில் அதுதான் முதல். ஃபார்லிக்கு 1992-ல் மரண தண்டனை விதிக்கப்பட்டது, 2009-ல் மாநில உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது.

சான் ஹோசே சம்பவத்துக்குப் பிறகு அதே மாநிலம் இன்னொரு சட்டம் போட்டது, 2024 ஜூலை 1 முதல் நடப்பில் இருக்கிறது. சில விலக்குகள் போக, நிறுவனங்கள் வேலையிட வன்முறையைத் தடுக்க எழுத்துப்பூர்வமான திட்டம் வைத்திருக்க வேண்டும், ஊழியர்களுக்குப் பயிற்சி தர வேண்டும், மிரட்டல் உட்பட ஒவ்வொரு சம்பவத்தையும் பதிவேட்டில் எழுத வேண்டும், புகார் சொன்னவரைப் பழிவாங்கக் கூடாது. அந்தத் திட்டத்தை ஊழியர் எவரும் கேட்டு வாங்கிப் பார்க்கலாம். அங்கே வேலை பார்ப்பவர்கள் இதைப் படித்தால், முக்கியமாக ஹெச்ஆரிலும் கணக்கிலும் இருப்பவர்கள், உங்கள் அலுவலகத்துத் திட்டத்தைக் கேட்டு வாங்குங்கள். யாராவது மிரட்டினால் யாரிடம் சொல்வது, அறையை உள்ளிருந்து பூட்ட முடியுமா என்ற இரண்டையும் முதலில் பாருங்கள்.